ஸ்லிங்ஸ்பி டி.21: மரக் கிளைடரோடு பல சீசன்கள்

யார்க்‌ஷயரில் நண்பர்கள் சிலர் கூட்டாக டி.21 என்ற கிளைடர் (எஞ்சின் இல்லாத விமானம்) ஒன்றை வைத்திருக்கிறோம். இதை வாங்கலாமா, இதில் பழகலாமா என்று கேட்பவர்களுக்காக எழுதுகிறேன். எனக்கு இதைவிடப் பிடித்த கிளைடர் கிடையாது.

வடிவமைத்தவர் ஃப்ரெட் ஸ்லிங்ஸ்பி. ஸ்கார்பரோவில் மரச்சாமான் தொழிற்சாலை நடத்தியவர், பிறகு கர்பிமூர்சைடில் கிளைடர் கட்டினார். இந்த மாடல் 1940-களில் வந்தது. அதுவரை பிரிட்டனில் கற்றுக்கொள்பவரை ஒற்றை இருக்கைக் கிளைடரில் தனியாக உட்கார வைத்து, முதலில் தரையோடு இழுத்து, பிறகு சின்னச் சின்னத் தாவல்களாகப் பழக்குவார்கள். டி.21-இல் ஆசிரியரும் மாணவரும் பக்கத்தில் பக்கத்தில் உட்காருகிறார்கள். மாணவரின் கை ஸ்டிக்கை (கட்டுப்பாட்டுக் கோலை) எவ்வளவு இறுக்கிப் பிடிக்கிறது, கண் எங்கே பார்க்கிறது என்பதெல்லாம் ஆசிரியருக்குத் தெரியும். முன்பின் இருக்கைக் கிளைடர்களில் எனக்குத் தெரிந்ததெல்லாம் முன்னால் இருப்பவரின் பின்னந்தலைதான். டி.21-இல் மேலே கூரை இல்லை, ஆனாலும் வேகம் குறைவு என்பதால் குரலைச் சற்று உயர்த்தினாலே பேச்சு கேட்கும்.

இறக்கை விரிவு 16.46 மீட்டர். வளைவு அதிகமான தடித்த இறக்கை, தலைக்கு மேலே நிற்கிறது, இருபுறமும் தாங்குகோல். ஸ்பாருக்கு (இறக்கையின் நீளவாட்டில் ஓடும் முதன்மைச் சட்டத்துக்கு) முன்பகுதி முழுவதும் பிளைவுட் போர்த்திய குழாய் மாதிரி. முறுக்கு விசையைத் தாங்குவது அதுதான். பின்பகுதி வெறும் மர விலா எலும்புகளும் துணியும். தாங்குகோலும் திறந்த காக்பிட்டும் அகன்ற உடலும் காற்றைத் தடுக்கத்தான் செய்யும். இருந்தும் பெரிய இறக்கையும் குறைந்த எடையும் சேர்ந்து, இறங்கும் வேகத்தை விநாடிக்கு ஒரு மீட்டருக்குக் கீழே வைத்திருக்கின்றன. மணிக்கு 65 கி.மீ. அளவில் பறக்கும்போது வட்டம் மிகச் சிறியது. வலுக் குறைந்த, குறுகலான தெர்மலில் (மேலெழும் வெப்பக் காற்றில்) கண்ணாடியிழைக் கிளைடர்கள் வெளியே வழுக்கிப் போய்க்கொண்டிருக்க, நாங்கள் நடுவிலேயே சுற்றி மேலேறிவிடுவோம். ஏறுகிறோமா இறங்குகிறோமா என்று காட்டும் பழைய வேரியோமீட்டரில், ஏற்றத்தைக் காட்டும் பச்சைக் குண்டு எழும்பும் அந்த நிமிடங்களுக்காகவே இதை வைத்திருக்கிறேன் என்றால் மிகையில்லை.

எதிர்க்காற்றில் கதை வேறு. சறுக்கு விகிதம் 21:1 (ஒரு மீட்டர் இறங்குவதற்குள் 21 மீட்டர் முன்னேறுவது) என்பது காற்றில்லாத நாளில், சரியான வேகத்தில் மட்டும். மூக்கைக் கீழே தள்ளி வேகம் கூட்டினால் உயரம் கரைகிறது. அதனால் காற்றோடு பின்னால் நகர்ந்து விடாமல், எப்போதும் களத்திலிருந்து காற்று வரும் பக்கமே இருங்கள். தூரப் பயணம் போக ஆசைப்படுபவர் வேறு கிளைடர் பார்ப்பது நல்லது.

எய்லரான் (இறக்கையின் பின்விளிம்பில் அசைந்து கிளைடரைச் சாய்க்கும் பலகை) நீளமானது, கனமானது. இடது பக்கம் சாய்த்தால் மூக்கு முதலில் வலது பக்கம் ஓடும். சுக்கான் மிதியைச் சேர்த்து அழுத்தியே ஆகவேண்டும். இதில் பழகிய கால்கள் எந்தக் கிளைடரிலும் தூங்காது. பிரிட்டிஷ் விமானப்படையின் பயிற்சி இளைஞர்களுக்கு 1980-கள் வரை செட்பர் என்ற பெயரில் இதைக் கொடுத்ததில் எனக்கு ஆச்சரியமே இல்லை. தரையிறக்கம் நிதானமானது. ஸ்பாய்லர் (இறக்கையிலிருந்து எழுந்து தூக்குவிசையைக் குறைக்கும் தகடு) போதாவிட்டால் பக்கவாட்டில் சறுக்க விட்டால் உயரம் நன்றாகக் குறையும்.

குளிர் பெரிய விஷயம். மே மாதத்திலும் தொப்பி, கையுறை, கழுத்துத்துணி வேண்டும்.

பராமரிப்பில் மரத்துக்கு எதிரி ஈரம்தான். அடிப்பக்க வடிகால் துளைகள் அடைபட்டால் உள்ளே நீர் தங்கி, பிளைவுட் விரிந்து, பசை விடும். குளிர்காலத்தில் ஹேங்கர் கதவு ஓரம் இதை நிறுத்தவே மாட்டோம். துணி கிழிந்தால் நாமே தைத்து, ஒட்டி, டோப் (துணியை இறுக்கும் பூச்சு) பூசிவிடலாம். பசை இணைப்பைச் சோதிக்க மட்டும் மரவேலை தெரிந்த ஆய்வாளர் வேண்டும். அப்படிப்பட்டவர்கள் குறைந்து வருவது எனக்கு உண்மையாகவே கவலை தருகிறது. இறக்கைகளைக் கழற்றி மாட்ட நாலைந்து பேர் தேவை என்பதால், டிரெய்லரில் வைத்து வாராவாரம் எடுத்துப் பூட்டும் கிளைடர் இதுவல்ல.

வாங்க நினைத்தால், பெயின்டின் பளபளப்பைப் பார்க்காதீர்கள். ஸ்பார் உடலோடு சேரும் இடம், தாங்குகோல் பொருந்தும் இடம், வால் அடிப்பகுதி, ஸ்கிட்டின் (தரையில் உரசும் அடிச்சட்டத்தின்) மேல்பலகை இவற்றைத் திறந்து காட்டச் சொல்லுங்கள். நிரந்தரமான ஹேங்கர் இடம் உறுதியாகும் வரை முன்பணம் கொடுக்க வேண்டாம்.