ஹேசல் ஸ்காட்டை அறிய: படமா, இசைத்தட்டா?

1950 ஜூலையில் டுமாண்ட் தொலைக்காட்சியில் தொடங்கிய ஜாஸ் பியானோ கலைஞர் ஹேசல் ஸ்காட்டின் 15 நிமிட நிகழ்ச்சிதான், அமெரிக்காவில் கறுப்பினப் பெண் ஒருவர் தன் பெயரிலேயே நடத்திய முதல் தேசியத் தொலைக்காட்சி நிகழ்ச்சி. பியானோவும் பாட்டும் அவரே. செப்டம்பர் 22-ல் கம்யூனிஸ்ட் வேட்டையில் இறங்கியிருந்த பிரதிநிதிகள் சபைக் குழுவின் முன் துணிந்து சாட்சி சொன்னார். ஒரே வாரத்தில் நிகழ்ச்சி நின்றது. ஒரு பகுதியின் பதிவுகூட மிஞ்சவில்லை. பெரிய இழப்பு.

பார்க்க: 1943-இல் வந்த 'தி ஹீட்ஸ் ஆன்' படம். கறுப்புப் பியானோ ஒன்று, வெள்ளைப் பியானோ ஒன்று. இரண்டையும் ஒருசேர வாசிக்கிறார்.
கேட்க: 1955-இன் 'ரிலாக்ஸ்டு பியானோ மூட்ஸ்' இசைத்தட்டு. டபுள் பாஸில் சார்லஸ் மிங்கஸ், டிரம்ஸில் மேக்ஸ் ரோச்.

அளவு: படத்தில் சில நிமிடம், தட்டில் முழுக்க அவர்தான்.

சுதந்திரம்: படத்தில் ஸ்டுடியோ வைத்ததே சட்டம். கறுப்பினப் பெண்களுக்கு அழுக்கு ஏப்ரன் மாட்டியதை எதிர்த்து மூன்று நாள் வேலைநிறுத்தம் செய்துதான் உடையை மாற்றவைத்தார். தட்டில் அந்தத் தடை இல்லை. ஆனால் முகமும் இல்லை.

தொலைக்காட்சியில் எப்படித் தோன்றியிருப்பார் என்று ஊகிக்கப் படம். வாசிப்பின் ஆழம் வேண்டுமென்றால் தட்டுதான், யோசிக்கவே வேண்டாம்.