நெகட்டிவில் எடுத்த 4கே, டிவிடியில் ஊதிய 4கே

செம்பூரில் எங்கள் வீட்டு டிவியில் அப்பாவுக்காக ஒரு பழைய கறுப்பு வெள்ளைப் படத்தைப் போட்டேன். இணையத்தில் ‘4கே’ என்று எழுதியிருந்தது. பழைய டிவிடியை ஏஐ மென்பொருளில் கொடுத்துப் பெரிதாக்கியிருக்கிறார்கள். ஐந்து நிமிஷம்கூட ஆகவில்லை. “அந்தம்மா கட்டம் போட்ட சேலைல்ல கட்டியிருக்கும், கட்டம் எங்கப்பா?” என்றார் அப்பா. டிவிடியைத் தேடிப் போட்டேன். மங்கலாகத்தான் இருந்தது, ஆனால் கட்டம் இருந்தது.

டிவிடியின் ஒரு ஃபிரேமில் 720 × 576 புள்ளிகள். 4கே என்றால் 3840 × 2160, ஏறக்குறைய 20 மடங்கு. இல்லாத புள்ளிகளை மென்பொருள் ஊகித்துத்தான் நிரப்புகிறது. கன்னம் மெழுகாகிறது, நெற்றி வியர்வை காணாமல் போகிறது. டிவி முழுக்க நிரம்பட்டும் என்று சதுரப் படத்தை மேலும் கீழும் வெட்டிவிட்டால் நாட்டியக் காட்சியில் பாதமே தெரியாது. எனக்கு இதுதான் அதிகம் வலிக்கிறது.

கேமராவில் ஓடிய அசல் பிலிமான நெகட்டிவை ஸ்கேன் செய்வது வேறு வேலை. நொடிக்கு 24 ஃபிரேம். இரண்டரை மணி நேரப் படத்தில் 2,16,000 ஃபிரேம்கள். ஒவ்வொன்றையும் ஸ்கேன் செய்து, மழை பெய்வதுபோல் ஓடும் கீறல்களைத் துடைத்து, ஆனால் பிலிமுக்கே உரிய பொடிப்பொடியான துகளை அப்படியே விட வேண்டும். 1976இல் வந்த ‘மந்தன்’ என்ற இந்திப் படத்தை மும்பையின் ஃபிலிம் ஹெரிடேஜ் ஃபவுண்டேஷன் இப்படித்தான் மீட்டது. படம் ஆவணக் காப்பகத்தில் இருந்த அசல் நெகட்டிவிலிருந்து, ஒலி தியேட்டரில் ஓட்டுவதற்காக எடுத்த ஒரு பிரின்ட்டிலிருந்து. வேலையில் நம் சென்னை பிரசாத் ஸ்டூடியோவுக்கும் பங்குண்டு. 2024இல் அதைத் தியேட்டரில் பார்த்தபோது அதில் நடித்த ஸ்மிதா பாட்டீலின் முகத்தில் தோல் மெழுகாகாமல் தோலாகவே இருந்தது.

செலவும் காலமும் இதில் அதிகம், மறுக்கவில்லை. ஏஐ வேலையை வீட்டுக் கணினியிலேயே முடித்துவிடலாம். நெகட்டிவே அழிந்த படத்துக்கு வேறு என்ன வழி என்று கேட்பார்கள். நல்ல பிரின்ட் ஒன்று கிடைத்தாலும் போதும். மலையாள இயக்குநர் அரவிந்தனின் ‘தம்பு’ அசல் நெகட்டிவ் இல்லாமலேதான் மீண்டு, 2022இல் பிரான்ஸின் கான் திரைப்பட விழாவுக்குப் போனது. டிவிடி மட்டுமே மிஞ்சியிருந்தால், இருபக்கமும் கறுப்புப் பட்டையோடு அதை அப்படியே பார்ப்பேன். ஏஐ பிரதி எடுத்தே ஆக வேண்டுமானால் எடுங்கள், டிவிடியைத் தூக்கிப் போடாதீர்கள்.

மாட்டுங்கா, தாராவிப் பக்கம் யார் வீட்டுப் பரணிலாவது பிலிம் டப்பா இருந்தால் மூடியைத் திறந்து மோந்து பாருங்கள். வினிகர் நெடி அடித்தால், அசிட்டேட் என்ற ஒருவகை பிளாஸ்டிக்கால் ஆன அந்தப் பிலிம் சிதையத் தொடங்கிவிட்டது. அந்த ஆவி பக்கத்து டப்பாவையும் கெடுக்கும். உடனே பிரித்து வையுங்கள். மும்பை மழைக்கால ஈரம் அதை இன்னும் வேகப்படுத்தும். ஜூனுக்கு முன்னாலேயே ஒரு காப்பகத்தைக் கேளுங்கள்.