"சந்தி"னு தேடப் போய் அரை மணி நேரம் ஓடிப்போச்சு - தமிழ் லெக்சிகன் ஆன்லைன்

சென்னைப் பல்கலைக்கழகம் போட்ட தமிழ் லெக்சிகன்ங்கிற பெரிய அகராதி இப்போ சிகாகோ பல்கலைக்கழக சைட்ல ஃப்ரீயா கிடைக்குது. தம்பி பையன் "அத்தை, சந்தின்னா என்ன"ன்னு கேட்டான். முதல்ல ஒரு ஆப்ல பாத்தேன், "சேர்க்கை"னு ஒத்த வார்த்தையோட முடிச்சிட்டாங்க. லெக்சிகன்ல பாத்தா தெரு கூடுற இடம், பகலும் இரவும் சேர்ற நேரம், ரெண்டு சொல் சேர்றப்போ எழுத்து மாறுற எழுத்துப் புணர்ச்சின்னு வரிசையா வருது, தமிழ்லயும் இங்கிலீஷ்லயும் பொருள் இருக்கு. எல்லாத்துக்கும் அடியில ரெண்டு விஷயம் வந்து சேர்றதுதான், அதைப் பாத்ததும் பையனுக்கே புரிஞ்சிடுச்சு.

ஆனா இலக்கணத்துல வர்ற சந்தியோட பயன்பாடு முழுசா புரியணும்னா அகராதி மட்டும் பத்தாது. தந்த பலகைன்னா யாரோ குடுத்த பலகை, தந்தப் பலகைன்னா யானைத் தந்தத்துல செஞ்சது, ஒரு "ப்" போட்டதும் பொருளே மாறிடுது பாருங்க! மரம் கூட கிளை சேர்ந்தா மரக்கிளை. சமஸ்கிருதத்துல இருந்து வந்த இந்த வார்த்தையை இப்போ உலகம் பூரா மொழியியல்காரங்க யூஸ் பண்றாங்க, சீன மொழில வணக்கம்ங்கிறதுக்கு "நீ ஹாவ்"னு சொல்றப்போ முதல் சொல்லோட தொனி, அதாவது குரலோட ஏற்ற இறக்கம், மாறுதே, அதுக்குப் பேரும் தொனிச் சந்திதான்.

1924ல இருந்து 1936 வரைக்கும் ஆறு தொகுதியா வந்த உழைப்பு இந்த லெக்சிகன். புது வார்த்தைங்க இதுல கிடைக்காது, பழைய சொல்லுக்கு நான் முதல்ல போறது இங்கதான். அஞ்சுக்கு அஞ்சு.