வல்ஹல்லா: கவுண்டருக்கு உள்ளே நிற்பவளின் கதை

ஒன்பது வருடமாக எங்கள் மருந்துக்கடை கவுண்டரில் நிற்கிறேன். "வழக்கமா வாங்குறது கொடும்மா" என்றுதான் பாதிப் பேர் கேட்பார்கள். யாருக்கு எது வழக்கம் என்பதை நாம்தான் நினைவில் வைத்திருக்கவேண்டும். வல்ஹல்லா (VA-11 Hall-A) என்ற வீடியோ கேமில் இதே வேலையைப் பார்த்ததும் அன்று இரவு இரண்டு மணி வரை எழுந்திருக்க மனம் வரவில்லை.

வெனிசுலாவைச் சேர்ந்த சுகேபன் கேம்ஸ் என்ற சின்னக் குழு 2016இல் வெளியிட்டது இது. கிளிட்ச் சிட்டி என்ற எதிர்கால நகரத்தில், மூடப்படப்போகிற ஒரு பாரில் ஜில் என்ற 27 வயதுப் பெண் மது கலந்து கொடுக்கிறாள். வருகிறவர்கள் பேசுகிறார்கள், நாம் வாசிக்கிறோம். நிறையவே வாசிக்கவேண்டும், அதுவும் ஆங்கிலத்தில். தமிழ் கிடையாது.

என்ன பதில் சொல்வது என்று நம்மை எங்கேயும் கேட்பதில்லை. கிளாஸில் எதை ஊற்றுகிறோமோ அதுதான் நம் பதில். 'சுகர் ரஷ்' என்ற பானத்தைக் கேட்டால், கேமில் வரும் கற்பனைச் சரக்குகளில் அடெல்ஹைட் இரண்டு, பவுடர்டு டெல்டா ஒன்று. ஷேக்கரைக் குலுக்கி ஐந்து விநாடிக்குள் நிறுத்திவிடவேண்டும், தாண்டினால் வேறு பதம். போதை தருவது கார்மோட்ரின். சுகர் ரஷ்ஷில் அதைச் சேர்ப்பதும் விடுவதும் நம் இஷ்டம். ஒருவருக்கு வேண்டுமென்றே கூட்டி ஊற்றி வாயைக் கிளறினேன். அப்புறம் எனக்கே ஒரு மாதிரியாகிவிட்டது.

வாடகைக்கும் பணம் சேர்க்கவேண்டும். நான் அதற்காக, ஜில் ஆசைப்பட்ட ஒரு பொருளை வாங்காமல் விட்டேன். மறுநாள் அவள் நினைப்பெல்லாம் அதிலேயே இருந்தது, வந்தவர் கேட்டதை மறந்துவிட்டாள். திரையிலும் ஆர்டர் தெரியவில்லை, நானும் அதைக் கவனித்து வைத்திருக்கவில்லை. வீட்டுக் கவலையோடு கடைக்கு வந்த நாட்களில் எனக்கு நடப்பது அப்படியே இதுதான். மற்றபடி நிர்வாகப் பகுதி எளிது. செய்முறை எல்லாம் பக்கத்திலேயே இருக்கிறது.

பெரியவர்களுக்கான கேம் என்பதைச் சொல்லிவிடுகிறேன். ஆபாசப் படங்களை எதிர்பார்த்து வாங்கவேண்டாம், ஆனால் பேச்சில் ஒளிவுமறைவு கிடையாது. டோரத்தி என்ற மனித இயந்திரப் பெண் பாலியல் தொழில் செய்கிறாள். தன் வேலையைப் பற்றி, நாம் மதியச் சாப்பாட்டு நேரத்தில் வேலையைப் பேசுவதுபோல் பேசுகிறாள். குழந்தை மாதிரி அவளை வரைந்திருப்பது எனக்குப் பிடிக்கவில்லை, அந்த இடங்களில் நெளிந்தேன். ஜில்லின் பழைய காதலி பற்றிய செய்தி வரும் பகுதிக்காக மட்டுமே மறுபடி ஆடுவேன். அதை இங்கே சொல்லிக் கெடுக்க மாட்டேன்.

முதல் ஒரு மணி நேரம் மெதுவாகத்தான் போகும், பொறுத்துக்கொள்ளுங்கள். ஹெட்போன் கட்டாயம். இசையமைத்தவர் கராட். ஷிப்ட் தொடங்குமுன் ஜூக்பாக்ஸில் பாட்டுகளை நாமே வரிசைப்படுத்தவேண்டும். நான் மெதுவான பாட்டுகளைக் கடைசியில் வைப்பேன், கூட்டம் குறைகிற நேரத்துக்கு.