கத்தினால் எரியாத மரங்கள்: ஒரு லைட்காரன் பார்த்த கார்டன் ராப்சடி

சமூக மன்றத்துப் பொங்கல், கல்யாணம், கோயில் கலை நிகழ்ச்சி என்று சிங்கப்பூரில் மேடைக்கு லைட் போட்டுப் பிழைக்கிறவன் நான். எந்த ஷோவுக்குப் போனாலும் ஸ்பீக்கர் எங்கே, கண்ட்ரோல் எங்கே என்றுதான் கண் தேடும். லேசில் எதையும் பாராட்டிவிட மாட்டேன். கரையோரப் பூந்தோட்டத்தில் (கார்டன்ஸ் பை த பே) சூப்பர்ட்ரீ என்ற ராட்சதச் செயற்கை மரங்கள் பாட்டுக்கு ஏற்ப ஒளிரும் கார்டன் ராப்சடி ஒளிக்காட்சியைப் பாராட்டுகிறேன். தினமும் இரவு 7.45க்கு ஒன்று, 8.45க்கு ஒன்று. கால் மணி நேரம் போல ஓடும். காசு கிடையாது.

தோட்டம் 2012இல் திறந்தது. மொத்தம் 18 மரங்கள், அதில் 12 காட்சி நடக்கும் இந்தத் தோப்பில். குட்டையானதே 25 மீட்டர், பெரியது 50. நடுவில் கான்கிரீட், அதைச் சுற்றி இரும்புச் சட்டம், சட்டம் முழுக்க உயிருள்ள செடிகள்: பெரணி, ஆர்க்கிட், கொடிகள். மேலே குடை மாதிரி விரியும் கிளைகள் வெறும் இரும்புக் கம்பி. லைட்காரனுக்கு இந்தக் கம்பிகள்தான் வரப்பிரசாதம். பச்சை இலைமேல் சிவப்பு அடித்தால் இலை கருகினாற்போல் தெரியும், எங்கள் தொழிலில் இது பாலபாடம். அதனால் நிறத்தையெல்லாம் கிளைகள் வாங்கிக்கொள்ள, செடி போர்த்திய தண்டு கீழே அடக்கமாக நிற்கிறது. அண்ணாந்து பார்க்கும்போது கம்பிகளின் வழியாக நிறம் மேலே ஏறுவது தெரியும். பாட்டு மெதுவாக இழுத்துப் பாடும் இடங்களில் இது அபாரம். வேகமான பாட்டுக்கு இவ்வளவு பெரிய மரங்கள் அவ்வளவாக ஒத்துவருவதில்லை என்பது என் அபிப்பிராயம். பாட்டும் கருப்பொருளும் அவ்வப்போது மாறும் என்பதால், போகும் முன் என்ன ஓடுகிறது என்று பார்த்துக்கொள்ளுங்கள்.

போன முறை திருச்சியிலிருந்து வந்திருந்த அண்ணன் மகளைக் கூட்டிப் போனேன். "சித்தப்பா, நாம கத்தினா மரம் எரியுமா?" என்றாள்.

"எரியாதும்மா. எல்லாம் முன்னாடியே பாட்டுக்குக் கோத்து வச்சது."

அவள் நம்பவில்லை. ஒரு கத்து கத்தினாள். அந்த நேரம் பார்த்து எதிரே இருந்த மரம் ஊதாவாக எரிந்து தொலைத்தது. அப்புறம் நான் சொன்னது எதுவும் எடுபடவில்லை.

சத்தத்தைக் கேட்டுத் தானே எரியும் லைட் இல்லாமல் இல்லை. பிறந்தநாள் பார்ட்டிக்கு வாங்குவார்களே, அது. உள்ளே ஒரு சின்ன மைக் இருக்கும். தவில் அடித்தாலும் துடிக்கும், யாராவது நாற்காலியை இழுத்தாலும் அதே துடிப்பு. சத்தம் வந்த பிறகுதான் அதற்கு விழிப்பே வரும். இங்கே பாட்டில் அடுத்து என்ன வருகிறது என்று தெரிந்த ஆள் உட்கார்ந்து கோத்திருக்கிறார். குரல் உச்சத்துக்கு ஏறப்போகிறது என்றால் அதற்கு ஒரு மூச்சு முன்னாலேயே வெளிச்சம் இறங்குகிறது. அந்த இருட்டுக்கே நான் ஒரு சல்யூட் வைப்பேன். எங்கள் விழாக்களில் மேடையை இரண்டு நொடி இருட்டாக்கினால் ஏற்பாட்டாளர் "என்னாச்சுண்ணே, ஃபியூஸ் போச்சா?" என்று ஓடி வருவார்.

எங்கே நிற்பது என்பது முக்கியம். நல்ல ஃபோட்டோ கிடைக்கும் என்று பலர் தூரத்தில் போய் நிற்கிறார்கள். ஃபோட்டோவுக்குச் சரி, பாட்டுக்குச் சரியில்லை. நம் ஊர் வெக்கையில் சத்தம் நொடிக்கு ஏறத்தாழ 350 மீட்டர்தான் போகும். ஸ்பீக்கரிலிருந்து 100 மீட்டர் தள்ளி நின்றால் 0.3 நொடி பிந்தி வரும். நிமிடத்துக்கு 120 தாள அடி விழும் பாட்டில் ஒரு அடிக்கு அரை நொடி. ஆக, பாதி அடிக்கும் மேலே சறுக்கல். லைட் முந்திக்கொள்ளும், பாட்டு பின்னாலேயே மூச்சு வாங்கிக்கொண்டு வரும். தோப்புக்குள்ளேயே போய், தரையில் ஒரு துண்டை விரித்து மல்லாந்து படுத்துவிடுங்கள். யாரும் ஒன்றும் நினைக்க மாட்டார்கள், பாதிப் பேர் அப்படித்தான் கிடப்பார்கள். முன்னால் ஐபேடைத் தூக்கிப் பிடிக்கும் புண்ணியவானும் மறைக்க முடியாது.

மரங்களுக்கு நடுவே 22 மீட்டர் உயரத்தில் 128 மீட்டர் நீளத்துக்கு ஒரு நடைபாலம் இருக்கிறது. அதற்கு டிக்கெட் உண்டு. பகலிலோ அந்திக்கோ ஏறுங்கள், மரீனா பே முழுதும் தெரியும். காட்சி நேரத்துக்கு என் ஓட்டு தரைக்குத்தான், மேலே நின்றால் 12 மரமும் ஒன்றாகச் சேர்ந்து எரிவது தலைக்கு மேலே கிடைக்காது.

வேலை நாளில் 8.45 காட்சிக்குப் போங்கள். தண்ணீர் எடுத்துக்கொள்ளுங்கள், வேர்க்கும். மழை வந்தால் நடக்காமலும் போகலாம். முடிந்ததும் கூட்டம் மொத்தமும் பேஃபிரண்ட் எம்ஆர்டி ரயில் நிலையத்துக்குத்தான் ஓடும். 2022இல் திறந்த கார்டன்ஸ் பை த பே நிலையத்துப் பக்கம் நடந்தால் நெரிசலிலிருந்து தப்பலாம்.