கோங் லியா, ஜாங் சியியா?

சீன நடிகைகளில் யாரை முதலில் பார்ப்பது என்றால், நான் கோங் லி பக்கம். 1992-இல் வந்த ‘தி ஸ்டோரி ஆஃப் கியூ ஜூ’வில் வயிற்றுப் பிள்ளையோடு, கணவனை உதைத்த ஊர்த் தலைவர் மன்னிப்புக் கேட்டே ஆக வேண்டும் என்று அலைவார். தெருக் காட்சிகள் பலவற்றைக் கேமராவை மறைத்து வைத்து எடுத்தார்கள். கூட்டத்தோடு கூட்டமாகக் கரைந்துவிடுவார். வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருது அதற்குத்தான்.

ஜாங் சியி வேறு ரகம், நடனம் பயின்ற உடம்பு. ‘தி ரோட் ஹோம்’ (1999) படத்தில் டம்ப்ளிங் கிண்ணத்தோடு மேட்டில் ஓடி விழுவார், கிண்ணம் உடையும். வசனமே வேண்டாம். மறு வருஷமே ‘க்ரவுச்சிங் டைகர், ஹிடன் டிராகன்’ என்ற வாள் சண்டைப் படம், உலகப் புகழ்.

இருவரையும் பெரிய திரைக்குக் கொண்டுவந்தவர் இயக்குநர் ஜாங் யிமூதான். அப்புறம் 2005-இல் ‘மெமாய்ர்ஸ் ஆஃப் எ கெய்ஷா’வில் இருவரும் சேர்ந்தார்கள். நாயகி என்னவோ சியி. என் கண்ணில் நிற்பது பொறாமைக்காரியாக வரும் கோங் லி.