ஏழு பகடை செட்: கற்பனை உலகின் தலையெழுத்து எந்த வடிவத்தில் இருக்கிறது?

ஆளுக்கொரு பாத்திரமேற்று மேஜையைச் சுற்றி உட்கார்ந்து கதை வளர்க்கும், வாளும் மாயமும் கலந்த கதாபாத்திர ஆட்டங்களில் எத்தனை கடவுள்கள் வேண்டுமானாலும் இருக்கட்டும். அவர்களுக்கும் மேலே உட்கார்ந்து எது நடக்கும், எது நடக்காது, எது அபூர்வமாக நடக்கும் என்று முடிவு செய்வது ஒரு கைப்பிடி பிளாஸ்டிக். கதையை நடத்தும் கேம் மாஸ்டர் நூறு பக்கத்துக்கு உலக வரலாறு எழுதி வைத்திருக்கலாம். எந்தப் பகடையை எத்தனை உருட்டச் சொல்கிறார் என்பதில்தான் அந்த உலகத்தின் விதி இருக்கிறது. வழக்கமான ஏழு பகடை செட்டை அந்தக் கண்ணோடு பார்ப்போம்.

டி4, டி6, டி8, டி10, டி12, டி20, கூடவே 00 முதல் 90 வரை எண் போட்ட இன்னொரு டி10. இவ்வளவுதான் செட். ‘டி’ என்றால் பகடை (die), பக்கத்தில் உள்ள எண் அதன் முகங்களின் எண்ணிக்கை. இதில் 4, 6, 8, 12, 20 முகம் கொண்டவை யூக்ளிடின் 13ஆம் புத்தகத்தில் வரும் ஐந்து ஒழுங்குத் திண்மங்கள். டி10 அந்தக் குடும்பத்தில் சேராது. காற்றாடி (பட்டம்) வடிவ முகங்கள் மேலே ஐந்து, கீழே ஐந்து. டி20ஐப் புதுசு என்று நினைக்க வேண்டாம். கிரேக்க எழுத்து பொறித்த பழைய எகிப்திய இருபதுமுகப் பகடை நியூயார்க்கின் மெட்ரோபாலிட்டன் அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

செட்டின் ராஜா டி20தான். குறையும் அதில்தான். 1 விழவும் 10 விழவும் 20 விழவும் ஒரே 5%. கணக்கில் சமதளம். விழுந்த எண்ணோடு திறமையைக் கூட்டி இலக்கைத் தொட்டால் வெற்றி. இலக்கு 15, திருடனுக்குப் பூட்டு திறக்கும் திறமை +5 என்று வையுங்கள். 10 விழுந்தால் அவனுக்குப் போதும், அதாவது 55%. பூட்டையே தொட்டறியாத பூசாரிக்கு 30%. இருவரும் ஆளுக்கொரு முறை முயன்றால், திருடன் தோற்றுப் பூசாரி திறந்துவிடும் வாய்ப்பு 13.5%. தொழில் தெரிந்தவன் இத்தனை அடிக்கடி அசடு வழியும் உலகம் சிரித்து விளையாட அருமையாக இருக்கும். தேர்ந்த வீரர்களின் கனமான கதைக்கு அது ஒட்டாது.

இதற்கு மருந்தாகச் சொல்லப்படுவது இரண்டு டி20 உருட்டிப் பெரியதை எடுப்பது. சராசரி 10.5இலிருந்து 13.825க்கு ஏறும். ஆனால் உதவி எல்லா இடத்திலும் ஒரே அளவு இல்லை. 11 தேவைப்படும்போது 50% என்பது 75% ஆகிறது, கிட்டத்தட்ட +5 கொடுத்த மாதிரி. 20தான் வேண்டும் என்றால் 5% என்பது 9.75%, அவ்வளவே. நடுத்தரமான காரியம் சுலபமாகிறது, அற்புதம் அற்புதமாகவே இருக்கிறது. நல்ல விதி இது. எரிச்சல் என்னவென்றால், செட்டில் டி20 ஒன்றுதான். ஒவ்வொரு முறையும் இரண்டு தடவை உருட்டி முதல் எண்ணை நினைவில் வைத்திருக்க வேண்டும். டி6 கதையும் இதே. எட்டு டி6 கேட்கும் தீக்கோள மந்திரத்துக்கு ஒற்றை டி6ஐ எட்டு முறை உருட்டினால் மேஜையில் பாதிப் பேர் தூங்கிவிடுவார்கள். கூடுதலாக ஒரு டி20, ஏழு டி6 உதிரியாக வாங்கிவிடுங்கள்.

பகடைகளைக் கூட்ட ஆரம்பித்தால் உலகமே மாறுகிறது. மூன்று டி6இல் மொத்தம் 216 வழிகள். 18 வருவது ஒரே வழியில், 0.5%கூட இல்லை. 9 முதல் 12 வரை மட்டும் 104 வழிகள், ஏறத்தாழ பாதி. அந்த உலகில் சராசரி சராசரியாக இருக்கும், +1க்கு நடுவில் மதிப்பு அதிகம், ஓரங்களில் குறைவு. இரண்டு டி6இல் 6 அல்லது குறைவு தோல்வி, 7 முதல் 9 வரை விலை கொடுத்த வெற்றி, 10 அல்லது அதற்கு மேல் முழு வெற்றி என்று பிரித்தால் 36இல் 15, 15, 6. நாடகம் வேண்டுவோர் கண்ணை மூடிக்கொண்டு இதை எடுக்கலாம்.

டி12ஐப் பலர் சீண்டுவதே இல்லை, பாவம். 12 விழ இதில் 8.3%, இரண்டு டி6இல் 2.8%. சராசரி அரை எண் குறைவானாலும் வெறித்தனமான கோடரியின் அடி எவ்வளவு என்று உருட்ட டி12தான் பொருத்தம். டி4 உருளாது, உயரத்திலிருந்து சுழற்றிப் போட வேண்டும்.

இனி தரம். மலிவான செட்டுகளை உருளையில் போட்டுப் பளபளப்பாக்கும்போது முனைகள் சீரில்லாமல் தேயும். கூர்முனைச் செட்டில் அந்தக் குறை குறைவு, ஆனால் முனை சீக்கிரம் உடையும். காலிப்பர் (தடிமன் அளக்கும் கருவி) இருந்தால் டி20இன் பத்து எதிரெதிர் ஜோடிகளையும் அளந்து பாருங்கள். ஒரு ஜோடிக்கு நடுவே மட்டும் தூரம் குறைந்தால் பகடை அந்த இரண்டு முகங்களில்தான் அதிகம் படுக்கும். எதிர்முகங்களின் கூட்டுத்தொகை 21 என்பதால் 1, 20 இரண்டுமே அதிகமாக விழுந்தாலும் சராசரி அசையாது. சராசரியை மட்டும் பார்ப்பவர் இங்கே ஏமாறுவார்.

உள்ளே காற்றுக்குமிழி இருக்கிறதா என்று பார்க்க உப்புநீர். 100 மி.லி. தண்ணீருக்குச் சுமார் 36 கிராம் உப்பு, அடியில் கொஞ்சம் கரையாமல் தங்கும் வரை. அக்ரிலிக் பகடை மிதக்கும், உலோகம் மிதக்காது. பத்து முறை சுண்டிவிட்டும் அதே எண் மேலே வந்தால் அந்தப் பக்கம் எடை குறைவு. தண்ணீர் சின்னக் குறையையும் பூதாகாரமாகக் காட்டும் என்பதால் இதோடு தீர்ப்பு எழுத வேண்டாம். டி20ஐ 500 முறை உருட்டிக் குறித்துக்கொள்ளுங்கள். ஒவ்வொரு எண்ணும் சராசரியாக 25 முறை வர வேண்டும். ஒவ்வொரு எண்ணும் வந்த தடவைக்கும் 25க்கும் உள்ள வித்தியாசத்தை வர்க்கமாக்கி 25ஆல் வகுத்து, இருபதையும் கூட்டினால் 30.14ஐத் தாண்டக் கூடாது. நேர்மையான பகடையும் இருபதில் ஒருமுறை தாண்டும், ஆகவே தாண்டினால் இன்னொரு சுற்று.

எண்கள் அடுத்தடுத்து வரிசையாக இருக்கும் டி20 கையில் கிடைத்தால் உருட்டாதீர்கள். அது ஆட்டக்காரருக்கு மிச்சமுள்ள உயிர்ப்புள்ளிகளை எண்ணும் கருவி. பெரிய எண்களெல்லாம் ஒரே பக்கம் குவிந்திருப்பதால் கைப்பழக்கம் உள்ளவருக்குக் கொண்டாட்டம்.

இரண்டு டி10ஐயும் சேர்த்து நூற்றுக்கு உருட்டும்போது 00உடன் 0 விழுந்தால் 100, 00உடன் 5 விழுந்தால் 5. இதை ஆட்டம் தொடங்கும் முன்பே எல்லாரிடமும் சொல்லிவிடுங்கள். நாயகன் சாகும் தருணத்தில்தான் இந்தச் சண்டை வரும்.